வார்த்தை எல்லாம் தெரிகிறது, அர்த்தம்தான் பிடிபடவில்லை: இங்கிலாந்து போகும் நர்ஸுக்கு யாராவது சொல்லுங்கள்

மஞ்சக்குப்பம்_நர்ஸ் கேட்டது:

எல்லோருக்கும் வணக்கம். எனக்கு ஊர் கடலூர் மஞ்சக்குப்பம், ஆறு வருஷமாகப் புதுச்சேரியில் ஒரு தனியார் மருத்துவமனையில் ஸ்டாஃப் நர்ஸாக இருக்கிறேன், தினமும் பஸ்ஸில்தான் போய்வருகிறேன். மருத்துவ வேலைக்குப் போகிறவர்கள் எழுதும் ஓ.இ.டி. ஆங்கிலத் தேர்வு முடித்து, இங்கிலாந்தின் வடக்குப் பக்கம் ஒரு ஊரில் முதியோர் வார்டில் வேலை கிடைத்திருக்கிறது. விசா வேலை ஓடிக்கொண்டிருக்கிறது.

போன வாரம் ஆன்லைனில் ஒரு பயிற்சி வகுப்பு. சொல்லிக்கொடுக்கிற அம்மா அந்த ஊர்க்காரர், வயதானவர். அவரே நோயாளி மாதிரி நடித்து என்னிடம் "ஐ நீட் டு ஸ்பெண்ட் எ பென்னி, லவ்" என்றார். ஏதோ வாங்கப் பணம் கேட்கிறார் என்று நினைத்து, உங்கள் பர்ஸ் எங்கே இருக்கிறது, எடுத்துத் தரட்டுமா என்று கேட்டேன். அவர் கோபப்படவில்லை. பொறுமையாக, "நான் சிறுநீர் கழிக்கப் போக வேண்டும் என்றுதான் சொன்னேன், நீ பர்ஸ் தேடுகிற நேரத்தில் நான் தனியாக எழுந்து போய்க் கீழே விழுந்திருப்பேன்" என்றார்.

அன்றைக்கு ராத்திரி எனக்குத் தூக்கமே வரவில்லை. எண்பது வயது அம்மா ஒருவர் விழுந்து இடுப்பெலும்பு முறிந்தால் என்ன ஆகும் என்று என் வார்டிலேயே பார்த்திருக்கிறேன். தெரியாத மருத்துவ வார்த்தை என்றால் புத்தகத்தைப் பார்த்துக்கொள்வேன், ஆனால் ஸ்பெண்டும் பென்னியும் நான் சின்ன வகுப்பில் படித்த வார்த்தைகள். தெரிந்த வார்த்தை என்பதால்தான் சந்தேகமே வராமல் பதில் சொல்லிவிட்டேன்.

அதற்கப்புறம் தேடித் தேடி ஒரு நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன். ரொட்டி, தட்டு, பேரிக்காய், வாளி, நாய், மாமா, எல்லாமே வீட்டில் புழங்கும் வார்த்தைகள், ஒன்றுக்கும் நேர் அர்த்தம் இல்லை. ஆஸ்திரேலியாவில் இருக்கும் என் சித்தி பையனைக் கேட்டால் அங்கே இது வேறு மாதிரி என்கிறான். இதில் எது நிஜமாகப் பேச்சில் வருகிறது, எதை விட்டுவிடலாம், இதற்கெல்லாம் ஏதாவது தடம் இருக்கிறதா? அங்கே இருந்தவர்கள் கொஞ்சம் விரிவாகச் சொன்னால் பெரிய உதவியாக இருக்கும்.


லாஸ்பேட்டை_அக்கா எழுதியது:

தங்கச்சி, நான் யார்க்‌ஷையரில் பதினோரு வருஷம் வார்டில் இருந்துவிட்டு அம்மாவைப் பார்த்துக்கொள்ளப் புதுச்சேரிக்கே திரும்பி வந்தவள். உனக்கு வந்த பயம் நியாயமான பயம். இது வராமல் அங்கே போய் இறங்குகிறவர்களை நினைத்தால்தான் எனக்குக் கவலை.

முதலில் அந்தப் பென்னி. 1851-இல் லண்டன் ஹைட் பார்க்கில் நடந்த பெரிய கண்காட்சியில் ஜார்ஜ் ஜென்னிங்ஸ் என்பவர் வைத்த கழிப்பறைக்குக் கட்டணம் ஒரு பென்னி. அப்புறம் ஊர் ஊராகப் பொதுக் கழிப்பறைக் கதவிலேயே காசு போட்டால் திறக்கும் பூட்டு வந்தது. ஆண்கள் நின்றபடி போகும் இடத்துக்குப் பெரும்பாலும் காசு கிடையாது, அதனால் இந்தப் பேச்சு பெண்கள் வாயில்தான் அதிகம் புழங்கியது. 1971-இல் அவர்கள் காசுக் கணக்கையே மாற்றினார்கள், பழைய பென்னி போய்விட்டது, ஆனால் பாட்டிமார் இன்னும் அதையேதான் சொல்கிறார்கள். இளசுகள் "லூ" என்பார்கள். நம் ஊரில் ஒன்றுக்குப் போகிறேன், ரெண்டுக்குப் போகிறேன் என்பதை ஒரு வெள்ளைக்கார நர்ஸ் கேட்டால் என்ன நினைப்பாள், யோசித்துப் பார். எங்கேயும் இந்த விஷயத்தை நேராகச் சொல்ல மனசு கூசும், அதனால் சுற்றிவளைத்த வார்த்தை அதிகம் இருக்கிற இடமும் இதுதான். "வாட்டர்வொர்க்ஸில் கோளாறு" என்று ஒரு தாத்தா சொன்னால் ஊர்த் தண்ணீர்க் குழாயைப் பற்றிப் பேசவில்லை, சிறுநீர்ப் பிரச்சினை. "பேக் பேசேஜ்" என்றால் ஆசனவாய், வீட்டின் பின்பக்க நடை இல்லை. "பங்க்ட் அப்" என்றால் மலச்சிக்கல், இல்லையென்றால் மூக்கடைப்பு, எது என்று கேட்டுக்கொள்.

இதைவிட முக்கியமானது சாப்பாடு, இதை யாரும் பட்டியலில் போட மாட்டார்கள். வடக்கு இங்கிலாந்தில் பல பேருக்கு "டின்னர்" என்றால் மத்தியானச் சாப்பாடு, "டீ" என்றால் சாயங்காலம் சாப்பிடும் முழுச் சாப்பாடு. சர்க்கரை நோய் இருக்கிற ஒருவர் "ஐ ஹேவ்ன்ட் ஹாட் மை டீ" என்றால், சரி ஒரு கப் டீதானே, அப்புறம் கொடுக்கலாம் என்று நீ நினைப்பாய். அவர் சொல்வது ராத்திரிச் சாப்பாடே சாப்பிடவில்லை என்று. இன்சுலின் போட்டுவிட்டு அவரை அப்படியே விட்டால் என்ன ஆகும் என்று உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. நான் முதல் வருஷம் முழுக்க "என்ன சாப்பிட்டீர்கள், எத்தனை மணிக்கு" என்றுதான் கேட்டேன், சாப்பாட்டின் பெயரை நம்பவே இல்லை.

அடுத்து "பூர்லி". பள்ளிக்கூடத்தில் படித்தபடி பார்த்தால் மோசமாக என்று அர்த்தம், அங்கே உடம்பு சரியில்லை என்று அர்த்தம். சளி பிடித்த குழந்தையையும் பூர்லி என்பார்கள். ஆனால் ஒரு சீனியர் நர்ஸ் ஷிஃப்ட் மாறும் நேரத்தில் ஹேண்ட் ஓவர் கொடுக்கும்போது குரலை இறக்கி "ஷி இஸ் வெரி பூர்லி" என்றால் அந்த நோயாளி கைமீறிப் போகக்கூடிய நிலையில் இருக்கிறார் என்று பொருள். "ரோப்பி" என்றால் கயிறு இல்லை, உடம்பு ஒரு மாதிரியாக இருக்கிறது. "டிக்கி டிக்கர்" என்றால் பலவீனமான இதயம், கடிகாரம் டிக் டிக் என்று ஓடுவதை வைத்து வந்தது.

அப்புறம் வலி. இதை நோட்டில் பெரிதாக எழுதிக்கொள். "நாட் சோ பேட்", "மஸ்ட்ன்ட் கிரம்பிள்" என்று சொல்லும் வயதானவர்களை நம்பி வலி இல்லை என்று எழுதிவிடாதே. குறை சொல்லக் கூடாது என்பது அந்தத் தலைமுறையின் வளர்ப்பு. பல்லைக் கடித்துக்கொண்டு படுத்திருப்பார்கள், வாயில் நாட் சோ பேட்தான் வரும். பத்துக்கு எத்தனை என்று எண்ணில் கேள், முகத்தைப் பார்.

"லவ்" என்று உன்னை அந்த அம்மா கூப்பிட்டது சும்மா கண்ணு, ராசாத்தி என்கிற மாதிரிதான். நாட்டிங்ஹாம் பக்கம் போனால் "டக்" என்பார்கள், வாத்து என்று திட்டுவதாக நினைக்காதே. நியூகாஸில் பக்கம் "பெட்". காலையில் எதிரே வருகிறவர் "ஆல்ரைட்?" என்று கேட்டால் உன் உடம்பைப் பற்றி விசாரிக்கவில்லை, நாம் "என்ன, சாப்டாச்சா" என்பது போல ஒரு வணக்கம். நீயும் ஆல்ரைட் என்று சொல்லிவிட்டு நடையைக் கட்டு.


கெடிலக்கரை எழுதியது:

ஆஸ்திரேலியா பற்றியும் கேட்டிருப்பதால் சொல்கிறேன், நான் பெர்த்தில் ஏழு வருஷம் வெல்டராக இருந்தேன், இப்போது முதுநகரில் சொந்தப் பட்டறை.

என் கூட வேலை பார்த்த நம் ஊர்ப் பையன் ஒருவன், கல்யாணம் ஆகிப் பெண்டாட்டியை அழைத்துவந்த புதிது. பக்கத்து வீட்டில் விருந்து, "பிரிங் எ பிளேட்" என்று சொல்லியிருக்கிறார்கள். அவர்கள் வீட்டில் தட்டு போதவில்லை போல என்று இந்தப் பெண் நாலு எவர்சில்வர் தட்டைத் துடைத்துப் பையில் வைத்து எடுத்துப்போயிருக்கிறாள். அங்கே போனால் ஆளாளுக்குச் சமைத்து ஒரு தட்டு நிறையக் கொண்டுவந்திருக்கிறார்கள். யாரும் எதுவும் சொல்லவில்லை, ஆனாலும் அந்தப் பெண் ரொம்ப நாள் யார் வீட்டுக்கும் போகவில்லை.

இதை எத்தனையோ தடவை யோசித்திருக்கிறேன். நம் ஊரில் நிச்சயதார்த்தத்துக்குத் தட்டு மாற்றிக்கொள்கிறோம் என்று சொல்கிறோம், மாப்பிள்ளை வீட்டார் பதினோரு தட்டு கொண்டுவந்தார்கள் என்று சொல்கிறோம், யாராவது வெறும் தட்டு என்று நினைப்போமா? பழமும் பூவும் புடவையும் அதில் இருக்கிறது என்று நமக்குத் தெரியும். அவர்களும் அதையேதான் சொன்னார்கள். இதை அந்தப் பெண்ணுக்கு முன்னாடியே யாராவது சொல்லியிருந்தால் அவள் இட்லியோ கேசரியோ சந்தோஷமாகச் செய்து எடுத்துப்போயிருப்பாள்.

அங்கே பேச்சில் பாதி, வார்த்தையை வெட்டி வால் ஒட்டுவதுதான், ஒரு வாரத்தில் பழகிவிடும். மத்தியானம் "ஆர்வோ", பெட்ரோல் பங்க் "செர்வோ", ஆம்புலன்ஸ்காரர் "ஆம்போ", கொசு "மோஸி". வேலைக்கு நடுவே டீ குடிக்க விடும் இடைவேளை "ஸ்மோக்கோ", புகைபிடிக்காதவனுக்கும் அதுதான் பெயர்.

கஷ்டம் எங்கே வரும் என்றால், நர்ஸம்மா சொன்ன மாதிரி தெரிந்த வார்த்தையில்தான். "ஐயாம் க்ரூக்" என்று ஒருவர் சொன்னால் நமக்குத் தெரிந்த க்ரூக் ஏமாற்றுக்காரன், அங்கே உடம்பு முடியவில்லை என்று அர்த்தம். "ஸ்பியூயிங்" என்றால் வாந்தி, ஆனால் "ஐ வாஸ் ஸ்பியூயிங்" என்று பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னால் பயங்கரக் கோபத்தில் இருந்தேன் என்று அர்த்தம், ஆஸ்பத்திரியில் இது எது என்று கேட்டே ஆகவேண்டும். "ஸ்பிட் தி டம்மி" என்றால் குழந்தை வாயில் வைக்கும் சூப்பானைத் துப்புவது, பெரிய ஆள் சின்ன விஷயத்துக்கு ஆத்திரப்பட்டுக் கத்தினால் அப்படிச் சொல்வார்கள். "மை ஷவுட்" என்றால் கத்தவில்லை, இந்தத் தடவை எல்லோருக்கும் நான் வாங்கித் தருகிறேன் என்று அர்த்தம், அடுத்த தடவை உங்கள் முறை, அதை மறந்தால் மரியாதை போய்விடும். "தாங்ஸ்" என்றால் காலில் போடும் ரப்பர் செருப்பு, வேறொன்றும் இல்லை.

ஒன்று மட்டும் நர்ஸ் வேலைக்குப் போகிறவர்கள் எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டும். ரோட்டில் டயர் பஞ்சராகி நின்ற ஒரு பெரியவருக்கு நான் ஸ்டெப்னி மாற்றிக் கொடுத்தேன். அவர் என் தோளைத் தட்டி "யுவர் பிளட்ஸ் வொர்த் பாட்லிங்" என்றார். உன் ரத்தத்தைப் பாட்டிலில் பிடித்து வைக்கலாம் என்று. ரத்த தானம் கேட்கிறாரோ என்று முழித்தேன், பட்டறையில் வந்து கேட்ட பிறகுதான் தெரிந்தது, அங்கே ஒரு மனிதரைப் பற்றிச் சொல்லக்கூடிய மிகப் பெரிய பாராட்டு அது. இன்றைக்கும் அதை நினைத்தால் மனசு நிறைந்து போகிறது.


முதுநகர்_வாத்தியார் எழுதியது:

ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியன் நான். தடம் இருக்கிறதா என்று அந்தப் பெண் கேட்டதற்குப் பதில் சொல்ல முயல்கிறேன்.

லண்டன் கிழக்குப் பகுதியில் கிளம்பிய ஒரு வகைக்குத் தெளிவான தடம் உண்டு. அது நம் இயைபுத் தொடை மாதிரி. லுக் என்று சொல்ல வேண்டும், அதனோடு ஒலியில் இயையும் ஹுக் என்ற சொல்லைப் பிடித்து "புட்சர்ஸ் ஹுக்", அதாவது கறிக்கடைக் கொக்கி என்று ஆக்கினார்கள். அதோடு விட்டார்களா என்றால் இல்லை, இயைபு இருக்கிற ஹுக்கையே வெட்டிவிட்டு "ஹேவ் எ புட்சர்ஸ்" என்றார்கள், ஒரு பார்வை பார் என்று பொருள். சாவி இருந்த பாதியைத் தூக்கி எறிந்துவிட்டால் வெளியாள் எப்படித் திறப்பான்? ஹெட்டுக்கு "லோஃப் ஆஃப் பிரெட்", அதில் லோஃப் மட்டும் மிஞ்சி "யூஸ் யுவர் லோஃப்", மண்டையைப் பயன்படுத்து. பொய்க்கு, அதாவது லைஸுக்கு, "போர்க்கி பைஸ்", அது சுருங்கிப் "போர்க்கீஸ்". 1859-இல் ஜான் கேம்டன் ஹாட்டன் வெளியிட்ட கொச்சைச்சொல் அகராதியிலேயே இந்த வகையைப் பதிவு செய்திருக்கிறார்.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது "ரூபி". பெல்ஃபாஸ்ட்டில் பிறந்த ரூபி முர்ரே 1950-களில் புகழ்பெற்ற பாடகி. முர்ரேயும் கர்ரியும் ஒலியில் இயைவதால், லண்டனில் கறிச் சாப்பாடு சாப்பிடப் போவதை ரூபி சாப்பிடப் போகிறேன் என்கிறார்கள். கர்ரி நம் கறி. நம் சொல் கப்பலேறிப் போய், ஒரு அயர்லாந்துப் பெண்ணின் பெயரைப் போர்த்திக்கொண்டு நிற்கிறது.

நம் நாட்டிலிருந்து போனவை இன்னும் உண்டு. "ஹேவ் எ டெக்கோ" என்பதில் இருப்பது இந்தி தேக்கோ. அவர்கள் தாய்நாட்டைப் பாசமாகச் சொல்லும் "பிளைட்டி", வெளிநாட்டு என்று பொருள்படும் உருதுச் சொல்லான விலாயத்தியிலிருந்து வந்தது, முதல் உலகப் போரில் ஊருக்கு அனுப்பும் அளவுக்குக் காயம் பட்டால் அதையே பிளைட்டி என்றார்கள். "டூலாலி" என்றால் புத்தி பேதலித்தவர். நாசிக் அருகே தேவ்லாலியில் இருந்த ராணுவ முகாமில் ஊருக்குக் கப்பல் வரும்வரை சிப்பாய்கள் மாதக்கணக்கில் வெயிலில் காத்துக் கிடந்தார்கள், அந்த ஊர்ப் பெயர்தான் அது. இப்படிப் போன சொற்களையெல்லாம் யூல், பர்னல் இருவரும் தொகுத்து 1886-இல் ஹாப்சன் ஜாப்சன் என்ற அகராதி வெளிவந்தது, பர்னல் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர், புத்தகம் வருவதற்குள் இறந்துவிட்டார். நம் கடலூரில் மட்டும் என்ன, 1690-இல் தேவனாம்பட்டினம் கோட்டையை ஆங்கிலேயர் வாங்கியபோது பீரங்கிக் குண்டு போய் விழும் தூரம்வரை உள்ள ஊர்கள் அவர்களுக்கு என்று ஏற்பாடு, குண்டு கிராமம் என்ற பெயர் அப்படி வந்ததுதான். குண்டும் தெரியும், கிராமமும் தெரியும், கதை தெரியாதவனுக்கு அந்தப் பெயர் என்ன சொல்லும்?

நம் மொழியைப் படிக்க வருகிறவன் படும் பாட்டையும் நினைக்க வேண்டும். காக்காவும் தெரியும், பிடிப்பதும் தெரியும், மேலதிகாரியைக் காக்கா பிடிக்கிறான் என்றால் அகராதியை வைத்துக்கொண்டு என்ன செய்வான்? கம்பி நீட்டினவன் ஓடிவிட்டான், கம்பி எண்ணுகிறவன் சிறையில் இருக்கிறான், இரண்டிலும் அதே கம்பிதான். நமக்கு யாரும் இதைப் பட்டியல் போட்டுச் சொல்லித்தரவில்லை. யார், யாரிடம், எந்த முகத்தோடு சொன்னார்கள் என்பதோடு சேர்த்துக் கேட்டோம், நின்றுவிட்டது. அதனால் நோட்டில் எழுதும்போது சொல்லை மட்டும் எழுதாமல் சொன்னவர் வயது, ஊர், இடம் மூன்றையும் எழுதச் சொல்வேன்.


லண்டன்_தம்பி எழுதியது:

சார் சொன்னது படிக்க அருமையாக இருக்கிறது. ஆனால் நான் நாலு வருஷமாக லண்டனில் இருக்கிறேன், புட்சர்ஸ், பிளேட்ஸ் ஆஃப் மீட் எல்லாம் என் ஆபீசில் ஒருவரும் சொல்லிக் கேட்டதில்லை. "நேக்கர்ட்" என்றால் அசந்துபோய்விட்டேன், "சியர்ஸ்" என்றால் நன்றி, "கட்டட்" என்றால் மனசு உடைந்துபோச்சு, "பேன்ட்ஸ்" என்றால் படுமோசம், தினமும் காதில் விழுவது இதெல்லாம்தான். போகிறவர் இதை முதலில் பழகட்டும், பழசைப் படித்து நேரத்தை வீணாக்க வேண்டாம் என்பது என் கருத்து.


லாஸ்பேட்டை_அக்கா எழுதியது:

தம்பி, உன் ஆபீசில் இருப்பவர்களுக்கு முப்பது வயது. இந்தப் பெண் பார்க்கப்போவது எண்பது வயதுக்காரர்களை. மறதி நோய் வந்தவர்களுக்குப் புதுப் பேச்சு போய்விட்டுச் சின்ன வயதுப் பேச்சு மட்டும் மிஞ்சி நிற்பதை நான் என் கண்ணால் பார்த்தேன். லண்டனில் பிறந்து வடக்கே வந்து குடியேறிய ஒரு தாத்தா "மை பிளேட்ஸ் ஆர் கில்லிங் மீ" என்று ரெண்டு நாள் சொல்லிக்கொண்டிருந்தார், உளறுகிறார் என்று விட்டுவிட்டார்கள். பிளேட்ஸ் ஆஃப் மீட் என்றால் ஃபீட், பாதம். போர்வையை விலக்கிப் பார்த்தால் குதிகாலில் படுக்கைப் புண் ஆரம்பித்திருந்தது.

நம் புதுச்சேரியிலும் பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர்களைச் சொல்தா என்கிறோம், அடுத்த மாவட்டத்தான் கேட்டால் என்ன சொல் அது என்பான். அந்தந்த ஊர்க் கிழவர்களுக்கு அந்தந்தப் பேச்சு.

ஆனால் தங்கச்சி, புரிந்துகொள்ளத்தான் இதெல்லாம், நீ பேசாதே. ரெண்டு மூன்று வருஷம் போகட்டும். எது சிரிப்பு, எது கெட்ட வார்த்தை என்று எல்லை தெரியாமல் வாயில் போடக் கூடாது. புரியவில்லை என்றால் "டெல் மீ வாட் யூ நீட், லவ், ஷோ மீ" என்று கேள். ஒருவர்கூடக் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். ஒருத்தர் படுக்கையிலிருந்து காலைக் கீழே போட்டுவிட்டார் என்றால் அவர் என்ன வார்த்தை சொன்னார் என்று யோசித்துக்கொண்டு நிற்காதே, முதலில் போய் அவரைப் பிடித்துக்கொள்.


மஞ்சக்குப்பம்_நர்ஸ் எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. அக்கா, டீ விஷயத்தைப் படித்ததும் உடம்பு ஒரு நிமிஷம் சில்லென்று ஆகிவிட்டது, நான் நிச்சயம் ஒரு கப் டீ என்றுதான் நினைத்திருப்பேன். சார் சொன்ன மாதிரி நோட்டைப் புதிதாகக் கோடு போட்டு ஆரம்பித்துவிட்டேன், முதல் வரியில் பென்னி, பாட்டி, வார்டு என்று எழுதியிருக்கிறேன்.

ஒரே ஒரு சந்தேகம். எனக்கு வந்த கடிதத்தில் இல்லை, ஆனால் போனில் பேசிய அம்மா, ஷிஃப்ட் "ஹாஃப் செவன்" என்றார். அது ஆறரையா, ஏழரையா?


லாஸ்பேட்டை_அக்கா எழுதியது:

ஏழரை. நடுவில் இருக்கும் "பாஸ்ட்" என்ற வார்த்தையை விழுங்கிவிடுவார்கள். ஜெர்மன்காரர்கள் அவர்கள் மொழியில் பாதி ஏழு என்றால் ஆறரை, அந்த ஊர் நர்ஸ் யாராவது கூட இருந்தால் அவளுக்கும் சொல்லிவிடு. நீ ஏழேகாலுக்கே போய் நில், ஹேண்ட் ஓவரில் யார் பூர்லி, யார் வெரி பூர்லி என்று காதைத் தீட்டிக் கேள்.